ஆறு கட்டில் வாய்பாடு

முதலில் வரையறை. ஒருவர் உழைத்துக் கற்ற ஒன்றை அவருடைய மூளையிலிருந்து படியெடுத்து, உழைக்காத மற்றொருவருடைய மூளையில் ஊன்றுவதற்குப் பதியம் என்று பெயர். படியெடுக்கப்படுபவர் தாய்ச்செடி எனப்படுவார். ஊன்றப்படுபவர் கன்று எனப்படுவார். இச்சொற்களைத் தோட்டக்கலையிலிருந்து எடுத்துக்கொண்டவர்கள் நாவளம் மொழிப்பதிய நிறுவனத்தார்.

நான் அவர்களுடைய பதினொன்றாம் எண் தாய்ச்செடி. என் பெயர் பெர்பெத்துவா மோத்தா. தூத்துக்குடியில் ஒரு மிஷன் மருத்துவமனையில் முப்பத்தோராண்டுகள் வார்டு ஆயாவாக வேலை பார்த்தவள். பள்ளியில் எட்டாம் வகுப்பு வரை படித்தவள். லத்தீன் மொழியின் நான்கு வகை வினைத்திரிபுகளையும், அவற்றின் ஆறு காலங்களையும், செய்வினை செயப்பாட்டுவினை இரண்டையும், நாற்பத்து நான்காம் வயதில் தொடங்கி ஒன்பது ஆண்டுகளில் தனியே கற்றவள். இதைப் பெருமையோடு எழுதுகிறேன். இனி வருவதைக் கோபத்தோடு எழுதுகிறேன். இரண்டும் கலந்துவிடாதபடி எழுத முயல்வேன். முடியுமா என்று தெரியாது.

கற்றதற்குக் காரணம் ஒரு கல்வெட்டு. எங்கள் பெண்கள் வார்டின் வாசலுக்கு மேலே, பழைய பாதிரிமார் பதித்த பலகைக் கல் ஒன்று இருந்தது. பத்தொன்பது ஆண்டுகள் நான் அதன் கீழே தரை துடைத்தேன். ஒருநாள், நோயாளிகளைப் பார்க்க வந்த, பாதிரியாராகப் பயிலும் குருமாணவர் ஒருவரிடம் அதன் பொருளைக் கேட்டேன்.

"அது லத்தீன், ஆயாம்மா. வினைத்திரிபே நாலு வகை இருக்கு. அதெல்லாம் தத்துவம் படிச்சாத்தான் புரியும்," என்றார். சொல்லிவிட்டுச் சிரித்தார்.

அந்தச் சிரிப்புக்குத்தான் ஒன்பது ஆண்டுகள். பழைய புத்தகக் கடையில் குருமடத்து மாணவர்க்கான லத்தீன் இலக்கணம் ஒன்று கிடைத்தது. அட்டை இல்லை, முதல் பதினாறு பக்கங்களும் இல்லை. பதினேழாம் பக்கத்திலிருந்து தொடங்கினேன். இரண்டாம் ஆண்டின் முடிவில் அந்தக் கல்லை வாசித்தேன். இந்த வார்டு இன்னார் கொடையால் இன்ன ஆண்டில் கட்டப்பட்டது என்று எழுதியிருந்தது. அவ்வளவுதான். ஒரு வாரம் எனக்குச் சோறு இறங்கவில்லை. ஆயினும் படிப்பை நிறுத்தவில்லை. கல்லுக்காகப் படித்தது போக, படிப்புக்காகப் படிக்கும் நிலைக்கு நான் வந்திருந்தேன்.

இனி முறையை விளக்க வேண்டும். தமிழ் தெரிந்தவர்க்கு லத்தீன் வினை அந்நியமானதன்று. 'வருகிறேன்' என்றால் வருபவர் யார் என்று தனியே கூற வேண்டியதில்லை. வினையின் வாலே ஆளைக் காட்டிவிடும். லத்தீனும் அவ்வாறே. நேசிக்கிறேன் என்பதற்கு அமோ, நேசிக்கிறாய் என்பதற்கு அமாஸ், நேசிக்கிறாள் என்பதற்கு அமாத். இவ்வாறு நான், நீ, அவள், நாம், நீங்கள், அவர்கள் என ஒவ்வொரு காலத்துக்கும் ஆறு வடிவங்கள். என் வார்டில் ஆறு கட்டில்கள்.

காலை, மதியம், மாலை என மூன்று வேளையும் தெர்மாமீட்டரை எடுத்துக்கொண்டு கட்டில் கட்டிலாகப் போவது என் வேலை. முதல் கட்டிலில் முதல் வடிவம், இரண்டாவதில் இரண்டாவது. ஆறாவது கட்டிலை முடித்துத் திரும்பும்போது அடுத்த காலம். வாய் முணுமுணுக்கும், கை காய்ச்சல் பார்க்கும். நோயாளிகள் நான் செபம் சொல்கிறேன் என்று நினைத்தார்கள். சிலர் ஆமென் என்றும் சொன்னார்கள்.

எனக்கு நாற்பத்தேழு வயதானபோது, மூன்றாவது கட்டிலுக்கு என் தங்கை ரோசிட்டா வந்தாள். இரண்டு சிறுநீரகங்களும் கெட்டுவிட்டன. வயது முப்பத்தெட்டு. நான்கு மாதங்கள் இருந்தாள்.

"பெத்துக்கா, நீ காய்ச்சல் பாக்கியா, பேய் ஓட்டுதியா?" என்பாள். அந்தப் பெயரால் என்னை அழைத்தவள் அவள் ஒருத்திதான்.

"படிக்கேன். வாய மூடிக்கிட்டுக் கெட."

"படிச்சு போப்பாண்டவருக்கு லெட்டர் போடப்போறியாக்கும். போட்டா எனக்கு ஒரு கிட்னி கேட்டு எழுது."

ஐந்தாவது கட்டில்வரை சிரிப்பு கேட்கும்.

அவள் ஒரு வியாழக்கிழமை முற்பகலில், நான் ஆறாவது கட்டிலை முடித்துத் திரும்புவதற்குள் இறந்தாள். தூக்கத்திலேயே போய்விட்டாள், ஒன்றும் சொல்லவில்லை. உறவினரிடமும் பங்குத்தந்தையிடமும் பதினான்கு ஆண்டுகளாக நான் சொல்லிவந்தது இதுதான்.

நாவளம் நிறுவனத்தார் என் ஐம்பத்தேழாம் வயதில் என்னைத் தேடி வந்தார்கள். மொழிகளைப் பதியம் போடும் நுட்பம் அப்போது புதிது. ஒருமுறை ஒரு தொலைக்காட்சி நிருபர் 'லத்தீன் பேசும் ஆயா' என்று என்னைப் படம்பிடித்துப் போயிருந்தார், அதைப் பார்த்திருக்கிறார்கள். பழைய ஆவணங்களை வாசிப்போர், செடிகொடிகளுக்குப் பெயரிடுவோர், மருத்துவர், குருமடத்தார் என லத்தீன் வேண்டுவோர் பலர் என்றும், உழைத்துக் கற்க அவர்களுக்கு நேரமில்லை என்றும் கூறினார்கள். என்னைப் பெருமைப்படுத்தும் பொருட்டு ஒப்பந்தத்தையே லத்தீனில் எழுதிக் கொண்டுவந்திருந்தார்கள். எந்திரம் எழுதிய லத்தீன். பார்த்தவுடன் பிழைகள் தெரிந்தன.

இனி எழுதுவது என் தவறு. இதை என்னைத் தவிர வேறு எவரும் செய்திருக்க முடியாது. அந்த ஒப்பந்தத்தை நான் சிவப்புப் பேனாவால் திருத்தினேன். ஒவ்வொரு வினையின் கீழும் கோடிட்டு, காலமும் இடமும் குறித்து, பதினோரு பிழைகளைச் சரிசெய்தேன். வந்தவர்கள் கை தட்டினார்கள். நான் கையெழுத்திட்டேன், லத்தீனில். ஒப்பந்தம் என்ன சொல்கிறது என்று நான் பார்க்கவே இல்லை. அதன் வினைகள் சரியா என்று மட்டும் பார்த்தேன்.

அதன்பின் நான்கு ஆண்டுகளில் நாலாயிரத்து நூற்றுப் பன்னிரண்டு பேருக்கு என் லத்தீன் ஊன்றப்பட்டது. பாதிரிமாரைப் பயிற்றும் மேட்டுக் குருமடம் லத்தீன் வகுப்பை மூடியது. அங்கே கற்பித்துவந்தவர் ஊருக்குப் போய் இறால் பண்ணையில் கணக்கரானார். ஒரு திருமண விருந்தில், எங்கள் பழைய பெரிய டாக்டரின் பேரன் எனக்கு எதிரே அமர்ந்து லத்தீனில் சூப் கேட்டான்.

"எப்பிடித் தம்பி படிச்ச?" என்றேன், தெரியாதவள் போல.

"படிக்கிறதா? நாப்பது நிமிஷம் ஆன்ட்டி. ஏ.சி. ரூம்ல படுத்திருந்தேன். ஏத்திட்டாங்க," என்றான்.

அவன் வாயிலிருந்து வந்தது என் உச்சரிப்பு. ஆசிரியர் இல்லாமல் கற்றதால் என் லத்தீனில் தூத்துக்குடி வாடை உண்டு. பெருமாள்புரத்து பங்களாவில் வளர்ந்தவன் எங்கள் கடற்கரைத் தெருவின் நாக்கில் பேசிக்கொண்டிருந்தான். பந்தியில் எல்லோரும் அவனை மெச்சினார்கள்.

சென்ற ஏப்ரலில் நிறுவனம் என்னைச் சென்னைக்கு அழைத்தது. தாய்ச்செடிகளைக் கவனிக்கும் பிரிவின் தலைவர் ஆதவன் கோபிநாத் கண்ணாடி அறையில் உட்காரவைத்தார். நாற்பது வயதிருக்கும். பணிவான மனிதர். பணிவுதான் எனக்கு முதலில் சந்தேகம் தந்தது.

"மேடம், ஒரு சின்னக் குறை வந்திருக்கு," என்றார்.

"எத்தன பேருகிட்ட இருந்து?"

"எல்லார்கிட்ட இருந்தும்."

"என் லத்தீன்ல பிழை கெடையாது."

"பிழை இல்ல மேடம். தயக்கம். வாய்பாடு சொல்லும்போது மூணாவது வடிவத்துல நின்னுடறாங்க. நாலு செகண்ட், அஞ்சு செகண்ட். சிலர் நாலாவதுக்குப் போகவே மாட்டேங்கறாங்க. என்னென்னமோ வருதாம். டெட்டால் வாசனை, கஞ்சி வாசனை. கட்டில்ல ஒரு பொண்ணு முகம்."

"அது என் தங்கச்சி."

"ஃபைல்ல 'மூன்றாம் இடக் கசிவு'ன்னு போட்டிருக்கோம்," என்றார்.

நாற்காலியை முன்னால் இழுத்துக்கொண்டேன்.

"அவ எப்பிடி அங்க போனா? நான் வினைச்சொல்லத்தான குடுத்தேன்."

அவர் ஒரு தாளில் சுவர் ஒன்றை வரைந்தார். "தாய்மொழி மூளை முழுக்கத் தண்ணி மாதிரி பரவிக் கிடக்கும் மேடம். அதை எங்கேன்னு வெட்டறது? நீங்க வயசானப்புறம் செங்கல் செங்கலா அடுக்கினீங்க. அதுக்கு ஓரம் இருக்கு. அதான் உங்கள மாதிரி லேட்டா படிச்சவங்களத் தேடறோம். ஆனா அடுக்கும்போது செங்கலுக்கு நடுவுல காரை பூசுவோம்ல. அந்தக் காரையும் சேர்ந்து வந்திருக்கு."

"என் தங்கச்சி காரை."

"தப்பா எடுத்துக்காதீங்க. ஒரு உதாரணத்துக்குச் சொன்னேன்."

"காரைய எடுத்தா செவரு நிக்குமா?"

"நிக்கும். சோதிச்சுப் பாத்திருக்கோம். உங்ககிட்ட அந்த ஒட்டுதலை நறுக்கிட்டு, சுத்தமா புதுசாப் படியெடுத்து, எல்லாருக்கும் மாத்தி ஊன்றிடுவோம். நினைவு அழியாது. உங்க தங்கச்சி ஞாபகம் இருப்பாங்க. யாரோ சொன்ன கதை மாதிரி இருக்கும், அவ்ளோதான். வலி இருக்காது. இதுக்குன்னே வர்றவங்க இருக்காங்க மேடம்."

"நான் அதுக்கு வரல. நீங்க கூப்பிட்டதால வந்தேன். எனக்கு அந்த வலி வேணும்."

அவர் ஒப்பந்தத்தைத் திறந்து ஒன்பதாம் பிரிவைக் காட்டினார். தாய்ச்செடி தேவைப்படும்போது நிறுவனத்தால் கிளை நறுக்கப்படும் என்று அங்கே எழுதியிருந்தது. பக்கத்து ஓரத்தில் சிவப்பு மையில் என் கையெழுத்து: 'முதல் திரிபு, எதிர்காலம், செயப்பாட்டுவினை. மிகச் சரி.'

நான் அதை மூன்று முறை வாசித்தேன். அந்த வினையின் காலம் எனக்குத் தெரிந்திருந்தது. இடம் தெரிந்திருந்தது. நறுக்கப்படப்போவது நான் என்பது தெரிந்திருக்கவில்லை.

"ஆகஸ்ட் பதினாலு தேதி போட்டிருக்கோம்," என்றார் ஆதவன். "அதுவரைக்கும் தினமும் வாய்பாடு சொல்றத விட்டுடாதீங்க. படியெடுத்த மூளையில பிடிப்பு கொஞ்சம் தளர்ந்திருக்கும். வரிசை கெட்டுப்போச்சுன்னா ஓரம் மழுங்கிடும். அப்புறம் நறுக்கவும் முடியாது, படியெடுக்கவும் முடியாது. கன்றுலேருந்து இன்னொரு கன்று வராது, உங்களுக்கே தெரியும்."

வழக்கறிஞர் இருவரைப் பார்த்தேன். ஒருவர், கையெழுத்து செல்லும் என்றார். மற்றவர், ஓரத்தில் 'மிகச் சரி' என்று வேறு எழுதியிருக்கிறீர்களே அம்மா என்றார்.

மே மாதத்தில் ஒரு பிற்பகல். நான் கதவைச் சாத்திக்கொண்டு மீன் அரிந்து கழுவிக்கொண்டிருந்தேன்.

"பெத்துக்கா இருக்காங்களா?" என்று வாசலில் ஒரு குரல்.

கத்தியோடு போய்க் கதவைத் திறந்தேன். முப்பத்தைந்து வயதுப் பெண். தலையில் முக்காடு, தோளில் செடிகளை அழுத்தி வைக்கும் பலகைக் கட்டு. முன்பின் பார்த்ததில்லை.

"அந்தப் பேர ஒங்களுக்கு யாரு சொன்னா?"

"மன்னிக்கணும் ராத்தா. வாய்ல அதுதான் வருது." அவள் கத்தியைப் பார்த்தாள். "நான் தஸ்லிமா. காயல்பட்டணம். கடலோரச் செடிகள ஆராய்ச்சி பண்றேன். புதுச் செடி கண்டா லத்தீன்ல விவரம் எழுதுவோம். அதுக்காக ரெண்டு வருஷம் முன்னாடி பதியம் போட்டுக்கிட்டேன்."

ஆக, என் கன்று. ராத்தா என்றால் அவர்கள் ஊரில் அக்கா. உள்ளே வரச் சொன்னேன், உட்காரச் சொல்லவில்லை.

நிறுவனம் அனுப்பியிருந்த கடிதத்தைக் காட்டினாள். கசிவு விரைவில் இலவசமாகச் சரிசெய்யப்படும் என்று இருந்தது. "எனக்கு இது வேணாம்னு சொல்லத்தான் வந்தேன். அந்தக் கட்டில்ல இருக்கிறவங்கள எடுத்துட்டா எனக்குத் தாங்காது. அவங்க முகம் தெளிவாத் தெரிய ஆரம்பிச்ச இந்த மூணு மாசமா அழுதுகிட்டு இருக்கேன், ராத்தா. என்னக் கட்டுன மாப்பிள்ள, யாரும் மவுத்தாகாம எதுக்குப் புள்ள இப்படி அழுவுறங்கிறாக. நான் என்னத்தச் சொல்ல?"

அப்போதுதான் எனக்குக் கோபம் முழுதாக வந்தது. ஆதவனிடம் வந்தது இதில் பாதிகூட இல்லை.

"அழுவுறதுக்கு ஒங்களுக்கு என்ன உரிமை இருக்கு? ஒரு நாள் அவளுக்குக் கஞ்சி காச்சியிருக்கீங்களா? பெட்பேன் எடுத்திருக்கீங்களா? டயாலிசிஸ் முடிஞ்சு கெடக்கையில கால அமுக்கி விட்டிருக்கீங்களா?"

"இல்ல. ஆனா அமுக்கின கைக்கு வலிச்சது ஞாபகம் இருக்கு."

"ஞாபகம் ஒங்களுது இல்ல. நாப்பது நிமிஷத்துல வாங்குனது."

"நான் இதக் கேக்கல ராத்தா. வினைச்சொல்லத்தான் கேட்டேன். அது பின்னாடி ஒரு கட்டில் இருக்கும்னு யாரும் சொல்லல."

அவளும் ஏமாற்றப்பட்டவள் என்பது அறிவுக்குப் புரிந்தது. கோபத்துக்குப் புரியவில்லை. மீன் கழுவிய தண்ணீரை வாசலில் ஊற்றிவிட்டு வந்தேன்.

"எதுக்கு அழுகை? அவ நல்ல சாவுதான் செத்தா. ஒண்ணும் சொல்லாம, தூக்கத்துலேயே போனா."

தஸ்லிமா தோளிலிருந்த பலகைக் கட்டைத் தரையில் வைத்தாள்.

"ராத்தா, அப்படி இல்லையே," என்றாள்.

"என்ன இல்ல?"

"ஒங்களுக்கு ஞாபகம் இல்லையா?"

"சொல்லுங்க."

"அன்னைக்கு நீங்க சொல்லிட்டு வந்த வினை மனெயோ. இருக்கிறேன், தங்குறேன்னு அர்த்தம் வர்றது. மொத கட்டில்ல மனெயோ. ரெண்டாவதுல மனேஸ். மூணாவதுக்கு வந்து தெர்மாமீட்டர வச்சீங்க. மனெத். காய்ச்சல் எவ்வளவுன்னு சீட்டுல எழுதுனீங்க. அப்பத்தான் அவங்க ஒங்க சேலத் தலைப்பப் புடிச்சாங்க."

"இல்ல."

"'பயமா இருக்குக்கா'ன்னாங்க. 'நாலாவது கட்டிலுக்குப் போவாத'ன்னாங்க."

வெளியே தெருவில் ஐஸ் வண்டி மணி அடித்துக்கொண்டு போனது.

"நான் என்ன செஞ்சேன்?"

அவள் தலை குனிந்தாள். "அவங்க கைய எடுத்துப் போர்வைக்குள்ள வச்சீங்க. நாலாவது கட்டிலுக்குப் போனீங்க. அடுத்த வடிவத்தச் சொல்லிக்கிட்டே."

காதில் விழுந்தது கவனத்தில் விழாமலே எங்கோ பதிந்திருக்கிறது. பதினான்கு ஆண்டுகள் என் வசம் இருந்தது, நான் பார்க்கவில்லை. ஒப்பந்தத்தை வாசித்த அதே கண், அதே காது. வடிவம் சரியா என்று மட்டும் பார்க்கும் உறுப்புகள்.

"அதான் நாங்க நிக்கிறோம்," என்றாள் தஸ்லிமா. "கசிவும் இல்ல, ஒண்ணும் இல்ல. கோயமுத்தூர்ல ஒரு டாக்டரு, யாழ்ப்பாணத்துல ஒரு சாமியாரு, இன்னும் எத்தனையோ பேரு, எல்லார்கிட்டயும் பேசிட்டேன். மூணாவதுக்கு வந்ததும் அவங்க சேலையப் புடிக்கிறாங்க. விட்டுட்டுப் போக யாருக்கும் மனசு வரல. கொஞ்ச நேரம் நிக்கிறோம்."

"வெளிய போங்க," என்றேன்.

"ராத்தா..."

"போங்க."

போய்விட்டாள். நாலாயிரத்து நூற்றுப் பன்னிரண்டு அந்நியர் என் தங்கையின் கட்டிலருகே தினமும் நின்றுகொண்டிருந்தார்கள். நின்றிருக்க வேண்டிய ஒருத்தி ஒருநாளும் நிற்கவில்லை. அவர்கள் மேல் எனக்கிருந்த கோபம் எதன் மேலானது என்று அப்போது விளங்கியது. விளங்கியதால் அது குறைந்ததாக எவரும் கருத வேண்டாம்.

நான்காம் நாள் மருத்துவமனைக்குப் போனேன். கல் அப்படியே இருந்தது. கட்டில்கள் மாறியிருந்தன, எண்ணிக்கை மாறவில்லை. வார்டு சிஸ்டர் ஜெசிந்தா என்னோடு வேலை பார்த்தவள். பார்வையாளர் நேரத்தில் உட்கார அனுமதித்தாள். மூன்றாவது கட்டிலில் சர்க்கரைப் புண்ணோடு ஓட்டப்பிடாரத்து அம்மா ஒருவர் இருந்தார்.

"யாரத் தேடி வந்தீக?" என்றார்.

"யாரையும் இல்ல. சும்மா இங்க உக்காரலாம்னு."

"சும்மா உக்காரவா பஸ் ஏறி வந்தீக? வூட்ல நாற்காலி இல்லியா?"

முதல் கட்டிலருகே நின்று மனெயோ என்றேன். இரண்டாவதில் மனேஸ். மூன்றாவதில் மனெத். முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன்.

நான்காவது வடிவம் நாக்கின் நுனியில் வந்து நின்றது. ஒன்பதாண்டுப் பழக்கம், கால் தானாக எழப் பார்த்தது. முக்காலியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டேன். ஒரு மணி நேரம் கழித்து மறுபடி முதல் கட்டிலுக்குப் போனேன். அமோ. அமாஸ். அமாத். உட்கார்ந்தேன்.

தினமும் போனேன். வாய்பாடு சொல்வதை நான் நிறுத்தவில்லை. முன்னைவிட அதிகமாகச் சொன்னேன். எல்லா வினையும், எல்லாக் காலமும், மூன்றாவது கட்டில்வரை. ஜூன் மாத இறுதியில் ஒருநாள் வீட்டில் பாத்திரம் தேய்க்கும்போது, 'நாம் நேசிக்கிறோம்' என்பதற்கு என்ன சொல் என்று தேடினேன். கிடைக்கச் சற்று நேரமானது. ஜூலையில் அது கிடைக்கவில்லை. பிறகு ஐந்தாவது, ஆறாவது. வினைக்கு வினை, காலத்துக்குக் காலம் சரிந்தது. நாற்பத்து நான்கு வயதில் சேர்த்ததை அறுபத்தொன்றில் ஒவ்வொன்றாகக் கீழே போட்டேன். கற்றபோது பட்ட பாட்டைவிட இது பெரிது. அந்தக் குருமாணவரின் சிரிப்பு சில நாட்கள் காதில் கேட்டது. கேட்டுக்கொண்டே உட்கார்ந்திருந்தேன்.

ஓட்டப்பிடாரத்து அம்மா குணமாகிப் போனபோது, "உக்காந்ததுக்கு ரொம்ப நன்றி தாயி," என்றார்.

ஆகஸ்ட் பதினான்கு. சென்னையில் எந்திரத்துக்குள் தலையை வைத்தார்கள். ஆதவன் கண்ணாடிக்கு அப்பால் நின்று ஒலிபெருக்கியில் பேசினார்.

"ஆரம்பிங்க மேடம். அமோ."

சொன்னேன். மூன்றாவதில் நின்றேன்.

"அடுத்தது."

"தெரியாது."

"விளையாடாதீங்க மேடம். வேற வினை சொல்லுங்க."

நான்கு வகைக்கும் சொன்னேன். நான்கிலும் மூன்றாவதில் நின்றேன். திரையைப் பார்த்துக்கொண்டிருந்த பெண் திரும்பினாள். "பொய் சொல்லலை சார். அங்க ஒண்ணுமே இல்ல. ஓரமே தெரியல. மூணாவது நேரா அந்தப் பொண்ணோட போய்ச் சேர்ந்துடுது. எங்க கத்தி வைக்கிறதுன்னு தெரியல."

ஆதவன் உள்ளே வந்தார். பணிவு போயிருந்தது. அதனால் அவர் மேல் எனக்குச் சிறிது மதிப்பு வந்தது.

"வேணும்னே பண்ணியிருக்கீங்க. தினமும் வாய்பாடு சொல்லணும்னு ஒப்பந்தத்துல இருக்கு."

"தினமும் சொன்னேன். சிஸ்டர் ஜெசிந்தாட்ட கேட்டுக்கோங்க."

"முழுசா சொல்லணும்."

"அப்பிடிப் போட்டிருக்கா? வாசிச்சுக் காட்டுங்க."

அவர் ஒப்பந்தத்தை எடுத்தார். பக்கங்களைப் புரட்டினார். அந்தப் பெண்ணைப் பார்த்தார். அவள் உதட்டைப் பிதுக்கினாள். அந்த அறையில் அதை வாசிக்கத் தெரிந்தவர் ஒருவரும் இல்லை. பாதி வடிவங்களை இழந்த நானும் இல்லை.

தாய்ச்செடி எண் பதினொன்று பட்டுப்போனதாகப் பதிவு செய்தார்கள். புதிய லத்தீன் பதியம் இனி இல்லை. ஊன்றப்பட்டவர்களிடம் இருப்பது இருந்தபடியே இருக்கும், நிற்கும் இடம் உட்பட. மேட்டுக் குருமடத்திலிருந்து சென்ற வாரம் தொலைபேசி வந்தது. வகுப்பை மீண்டும் தொடங்க வேண்டியிருக்கிறதாம். கற்பிக்க ஆள் இல்லையாம். நான் வர இயலுமா என்று கேட்டார்கள். மூன்று வடிவங்கள்வரை நடத்துகிறேன் என்றேன். தொலைபேசியை வைத்துவிட்டார்கள்.

தஸ்லிமா அவ்வப்போது வருகிறாள். இப்போது உட்காரச் சொல்கிறேன். என்னைப் பெத்துக்கா என்று அழைக்க இன்னும் அனுமதிக்கவில்லை. கோபம் தீர்ந்ததா ராத்தா என்று கேட்டாள். தீரவில்லை. நிறுவனத்தின் மேல் இருப்பது ஒருநாள் தீரலாம். நாலாவது கட்டிலை நோக்கி நடந்த ஆயாவின் மேல் இருப்பது தீராது. தீர்க்கவும் எனக்கு விருப்பமில்லை.

இந்த எழுத்தில் நான்காவது வடிவம் ஓரிடத்திலும் வரவில்லை என்பதைக் கவனமுள்ள வாசகர் கண்டிருப்பார். மறைக்கவில்லை, என்னிடம் இல்லை. அட்டையில்லாத அந்தப் புத்தகம் அலமாரியில்தான் இருக்கிறது, கைக்கெட்டும் தூரத்தில். எடுத்துப் பார்த்தால் ஒரு நிமிடத்தில் தெரிந்துவிடும். நான் எடுப்பதில்லை. மணி மூன்றரை. பார்வையாளர் நேரம் நான்கு மணிக்குத் தொடங்குகிறது; பேருந்து பிடிக்க வேண்டும்.

மனெயோ. மனேஸ். மனெத்.